மூன்றாவது அடுக்கு

பாரிஸ்
2 செப்டம்பர் 1958

அன்புள்ள அர்மேல்,

நூலகத்திலிருந்து நீ எழுதிய கடிதம் கிடைத்தது. உறையில் நம் ஊர் மீன் சந்தை வாசனை இன்னும் இருந்தது, அல்லது இருப்பதாக நான் நினைத்துக்கொண்டேன். இந்த ஆறாவது மாடிக்கு வருவது கீழ்வீட்டுக்காரர் வெங்காயம் வதக்கும் வாசனை ஒன்றுதான். அறை எப்படி என்று கேட்டிருந்தாய். ஒரு கட்டில், ஓர் அடுப்பு, சுவரோரம் சாய்த்துவைத்த பதினேழு கிழிசல் சுவரொட்டிகள், ஜன்னல் கொக்கியில் உள்ளங்கை அளவு சவரக் கண்ணாடி. அதில் ஒரு நேரத்தில் ஒரு கன்னம்தான் தெரியும். மற்ற கன்னத்தை நம்பிக்கையின் பேரில் மழிக்கிறேன்.

தொழில் நன்றாகப் போகிறது, இதைத் தொழில் என்று யாராவது ஒப்புக்கொண்டால். போன வியாழக்கிழமை ரயில் நிலையத்துக்குப் பின்னால் சுவரொட்டி உரித்துக்கொண்டிருந்தேன். ஒரு போலீஸ்காரர் சைக்கிளை நிறுத்தினார்.

"என்னய்யா பண்றே?"

"கலை, சார்."

"கலையை வீட்டுக்குள்ள வச்சுப் பண்ணு. இது நகராட்சிச் சுவரு."

"ஒட்டினவனை விட்டுட்டு கிழிக்கிறவனைப் பிடிக்கிறீங்களே?"

"ஒட்டினவன் வாளியோட ஓடிட்டான். நீதானே கத்தியோட நிக்கிறே?"

ஆனால் ஓரமாகப் பிய்ந்து தொங்கியதை அவரே ஒரு முனையில் பிடித்துக்கொண்டு, "பாத்து, பாத்து, நீலம் கிழியுது" என்றார். அந்த நீலத்தைத்தான் நானும் பார்த்துக்கொண்டிருந்தேன். உன் அப்பாவிடம் சொல், அவர் நம் ஊர்ச் சுவரில் ஒட்டுகிற மாதிரிக் காகிதத்தை இங்கே போலீஸ்காரர்கூட ரசிக்கிறார் என்று.

சுவரொட்டி உரிக்கிற நண்பர்கள் நாங்கள் நான்கு பேரும் காபிக் கடையில் உட்கார்ந்து எங்கள் கலைக்கு ஓர் அறிக்கை எழுதிக்கொண்டிருக்கிறோம். கோத்தியே சொல்லச் சொல்ல மற்ற மூவரும் மறுக்கிறோம். எழுதி முடிந்ததும் அனுப்புகிறேன்.

இப்போது விஷயம். போன குளிர்காலம் முழுக்க, ஞாயிற்றுக்கிழமை காலைகளில், குண்டு விழுந்த மனையைச் சுற்றிய அந்தப் பலகை வேலியில் நாம் நின்றதை நினைத்துக்கொள்கிறேன். நான் சமையலறைக் கத்தியால் ஒவ்வோர் அடுக்காக உரிப்பேன். நீ வாசிப்பாய். பல்பொடி, நடன விழா, வேலைநிறுத்தம், ஷூ பாலீஷ், அதற்கும் கீழே யுத்தத்துக்கு முந்தைய ஒரு பாட்டுக் கச்சேரி. நம் ஊர் இதையெல்லாம் மறந்துவிட்டது, சுவர் மறக்கவில்லை என்றாய். நான் இங்கே பெரிய பெரிய வார்த்தைகளில் பேசுகிறதெல்லாம் நீ அன்று சொன்ன ஒரு வரிதான்.

என்னோடு வந்து இருப்பாயா, அர்மேல்? திருமணம் செய்துகொண்டோ, செய்யாமலோ, உனக்கு எது சரியோ அப்படி. இரண்டு பேருக்கு இந்த அறை சிறியது. கண்ணாடி அதைவிடச் சிறியது. யோசித்துச் சொல்.

உன்
ரெமி


நாந்த்
14 செப்டம்பர் 1958

அன்புள்ள ரெமி,

உன் கடிதத்தைப் பத்து நாளாக அகராதிக்குள் வைத்துக்கொண்டு திரிகிறேன். எங்கள் நூலகத்தில் அகராதியை யாரும் இரவல் கேட்பதில்லை, அதனால் பத்திரமான இடம்.

அப்பாவுக்கு இந்த மாதம் நிற்க நேரமில்லை. புது அரசியல் சாசனத்துக்கு ஓட்டெடுப்பு என்றதும் ஊர்ச் சுவரெல்லாம் வேண்டும், வேண்டாம் என்று கத்துகிறது. இரண்டு தரப்புக்கும் ஒட்டுகிறவர் அவரே. காலையில் "வேண்டும்", சாயங்காலம் "வேண்டாம்". நேற்றுச் சாப்பிடும்போது கேட்டேன்.

"உங்களுக்கு எதுப்பா சரின்னு படுது?"

"எனக்கு மழை பெய்யாம இருந்தா சரி. வேண்டும்காரன் காகிதம் மெலிசு, குமிழி போடுது. வேண்டாம்காரன் நல்ல காகிதம் வாங்கியிருக்கான். ஓட்டு யாருக்குப் போடறதுன்னு தெரியலை, காகிதத்துக்குப் போட்டா வேண்டாம்தான்." பிறகு ரொட்டியால் தட்டைத் துடைத்துக்கொண்டே, "உன் கிழிக்கிற பையன் எப்படி இருக்கான்? நான் ஒட்டறேன், அவன் கிழிக்கிறான். எனக்குப் பேரு கூலிக்காரன், அவனுக்குப் பேரு கலைஞன்" என்றார். கோபமில்லை. உன்னைப் பற்றிப் பேச அவருக்கு வேறு வழி தெரியாது.

நீ கேட்டதற்கு வருகிறேன். எனக்கு வாயால் சொல்ல வராது என்பது உனக்குத் தெரியும். தபாலிலும் அனுப்பத் தோன்றவில்லை. அது தபால்காரர்களிடம் கை மாறிக் கை மாறிப் போவதை நினைத்தாலே என்னவோ போலிருக்கிறது. உன் ஓட்டு இன்னும் இந்த ஊரில்தானே? 28ஆம் தேதி எப்படியும் வரத்தான் வேண்டும். ஞாயிறு காலையில் நம் வேலிக்குப் போ. இடது மூலை, நாம் எப்போதும் தொடங்கும் இடம். பதில் அங்கே இருக்கும். எப்படித் தேடுவது என்று நான் உனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

பதினொரு மணிக்கு மேல் வீட்டில் இருப்பேன். கோதுமை அடை சுட்டு வைக்கிறேன். பார்த்துவிட்டு வா.

அர்மேல்


பாரிஸ்
30 செப்டம்பர் 1958

அன்புள்ள அர்மேல்,

வந்தேன். உன் பதிலைப் பார்த்தேன். அதைக் கையோடு எடுத்துக்கொண்டு அடுத்த ரயிலில் திரும்பிவிட்டேன். வீட்டுக்கு வராததற்கு மன்னித்துக்கொள். அந்த நேரத்தில் அடை தொண்டையில் இறங்கியிருக்காது.

கோபம் இல்லை. சொன்ன விதம் உனக்கே உரியது, அதற்காக உன்னை இன்னும் அதிகம் மதிக்கிறேன். இதைப் பற்றி இனி நாம் பேச வேண்டாம். நான் கேட்டதே அவசரம் என்று இப்போது தோன்றுகிறது. உன்னைச் சங்கடப்படுத்த மாட்டேன்.

அப்பாவுக்கு என் வணக்கம்.

ரெமி


நாந்த்
3 ஜனவரி 1959

ரெமி,

புத்தாண்டு வாழ்த்துகள். உடம்பைப் பார்த்துக்கொள். அப்பாவுக்கு முழங்காலில் வலி, ஏணி ஏறும்போது திட்டுகிறார், இறங்கும்போதும் திட்டுகிறார். நூலகத்தில் ஜன்னல் ஓரத்து மேசை எனக்குக் கிடைத்திருக்கிறது.

நீ சொன்னது சரி. நீ கேட்டதையும் நான் சொன்னதையும் அந்த வேலியோடு விட்டுவிடுவோம். அவசரப்பட்டோம் என்று உனக்குத் தோன்றினால் அதில் நான் சொல்ல என்ன இருக்கிறது? உன்னிடம் இருக்கும் அதைத் திருப்பிக் கேட்கவும் எனக்கு வெட்கமாக இருக்கிறது. கிழித்துப் போட்டிருப்பாய் என்று நம்புகிறேன். கிழிப்பது உனக்குப் பழக்கம்தானே.

அர்மேல்


பாரிஸ்
20 மார்ச் 1961

அன்புள்ள அர்மேல்,

இரண்டு வருடங்களுக்கு மேல் ஆகிவிட்டது. என் கையெழுத்தைப் பார்த்ததும் உறையைப் பிரிக்காமல் அகராதிக்குள் வைத்துவிடுவாயோ என்று பயம். அப்படி வைத்தால் எந்த எழுத்தில் வைப்பாய்?

ஒரு நல்ல செய்தி. அருங்காட்சியகத்தில் எங்கள் நால்வருக்கும் ஒரு கூடம் கொடுத்திருக்கிறார்கள். பொருட்காட்சிக் கொட்டகை இல்லை, உண்மையான அருங்காட்சியகம், மெழுகு போட்ட தரை, சீருடையில் காவலர். திறப்பு விழாவில் ஒரு சீமாட்டி என்னிடம் கேட்டாள், "நீங்க இதுல என்ன செஞ்சீங்க?" "ஒன்றும் செய்யவில்லை, அம்மணி" என்றேன். "அதான் நானும் கேக்கறேன்" என்றாள். மறுநாள் பத்திரிகையில் பாதிப் பேர் எங்களைக் குப்பை பொறுக்கிகள் என்றார்கள், மீதிப் பேர் தெருவையே அருங்காட்சியகத்துக்குள் நடத்திக்கொண்டு வந்தவர்கள் என்றார்கள். எனக்கு இரண்டும் பிடித்திருந்தது.

எங்கள் அறிக்கையை உனக்கு அனுப்பவே இல்லை என்பது நினைவுக்கு வருகிறது. கூடத்தின் வாசலில் பெரிய எழுத்தில் ஒட்டியிருக்கிறோம். 1958 செப்டம்பர் 25ஆம் தேதி நால்வரும் கையெழுத்திட்டது. சாரம் இதுதான்: கிழிப்பது தெருவின் கை, அந்தக் கைக்குப் பெயர் கிடையாது. கலைஞன் கிழிந்ததை அப்படியே எடுக்கலாம், அதன்பின் தொடக்கூடாது. ஓர் இழைகூடத் தன் கையால் உரிக்கக்கூடாது. அன்றிலிருந்து நான் சமையலறைக் கத்தியை வெண்ணெய்க்கு மட்டும்தான் பயன்படுத்துகிறேன்.

கூடத்தில் நடுநாயகமாக இருப்பது "பதில், 1958". அதை அருங்காட்சியகமே எடுத்துக்கொள்கிறது. அது எது என்று உனக்குச் சொல்லத் தேவையில்லை. பத்திரிகைக்காரர்கள் அதில் ஏதேதோ அரசியல் பார்க்கிறார்கள். நான் மறுப்பதில்லை. அதன் முன்னால் நிற்கும்போது எனக்கு வேறு ஒரு காலை நேரம் தெரிகிறது. அவ்வளவுதான் சொல்லலாம்.

நீயும் அப்பாவும் ஒருமுறை வந்து பார்க்க வேண்டும். அவரும் இதில் பங்காளிதான், பெயர் போடாத பங்காளி.

என்றும்
ரெமி


நாந்த்
14 ஏப்ரல் 1961

அன்புள்ள ரெமி,

நேற்று முன்தினம் வந்திருந்தோம். உன்னிடம் சொல்லாமல் வந்தேன். வாரநாளில் பகலில் நீ வேலை பார்க்கும் அச்சகத்தில் இருப்பாய் என்று தெரியும், அதனால்தான் புதன்கிழமையைத் தேர்ந்தெடுத்தேன். நேரில் பார்த்தால் பேச வராமல் போய்விடும் என்று பயந்தேன். இப்போது எழுதவேண்டியதாகிவிட்டது.

உண்மையைச் சொன்னால் கோபத்தோடுதான் ரயில் ஏறினேன். "பதில்" என்று பெயர் வைத்து அருங்காட்சியகத்தில் மாட்டியிருக்கிறாயே என்று. நான் உனக்கு மட்டும் எழுதியதை ஊர் பார்க்க மாட்டிவிட்டு, எனக்கு மட்டும் ஒரு வார்த்தை சொல்லாமல் விட்டாயே என்று. ஆனால் உன் கடிதத்தில் இருந்த தேதி ஒன்று உறுத்திக்கொண்டே இருந்தது. செப்டம்பர் 25. மூன்று நாள் கழித்துத்தான் நீ வேலிக்கு வந்தாய்.

கூடத்துக்குள் நுழைந்ததும் பார்த்தேன். ஆள் உயரத்தில் கறுப்பு எழுத்தில் "வேண்டாம்". ஓரங்களில் யாரோ பிய்த்திருக்கிறார்கள். கீழே வலப்பக்கம் சர்க்கஸ் யானையின் காலும் வயிறும் கொஞ்சம். அவ்வளவுதான். அதற்குமேல் எதுவும் உரிக்கப்படவில்லை. நான் நின்ற இடத்திலேயே நின்றுவிட்டேன்.

அப்பா நேரே போய் அதன்மேல் உள்ளங்கையை வைத்தார். காவலர் ஓடி வந்தார்.

"ஐயா, ஐயா! கை வைக்காதீங்க! கலைப்பொருள்!"

"கலைப்பொருளா? நான் ஒட்டினதுய்யா இது. இந்த 'வேண்டாம்' என்னோடது. மேலேயிருந்து கீழே மூணே வீச்சு, பாரும், ஒரு சுருக்கம் இருக்கா? ஓட்டுக்கு முந்தின நாள் கடைசிச் சுத்து. முழங்கால் வலியில இந்த மூலையோட முடிச்சேன்."

"அப்ப நீங்கதான் ஓவியரா?"

"நான் ஏன்யா ஓவியர்? நான் வேலை செய்யறவன்." பிறகு கை யானைமேல் நகர்ந்தது. அங்கேயே நின்றது. "இது நான் ஒட்டினதில்லை. சர்க்கஸ் காகிதம் என் கட்டுலேருந்து வந்ததுதான், ஆனா ஒட்டினது வேற கை. கீழேயிருந்து மேலே தடவியிருக்கு. சின்னக் கை. பயந்துகிட்டே ஒட்டியிருக்கு. உள்ளே ஏதோ ஒண்ணு இருக்கு, புடைச்சிருக்கு பாரு. தொழில் தெரிஞ்சவன் இப்படி விடமாட்டான்."

காவலர் சிரித்தார். நான் சிரிக்கவில்லை. அப்பா திரும்பி என் முகத்தைப் பார்த்தார். யானைமேலிருந்து கையை எடுத்துக்கொண்டார்.

ரெமி, அந்த "வேண்டாம்" என்னுடையது அல்ல. நான் சனிக்கிழமை மாலை வெளிச்சம் இருக்கும்போதே வேலிக்குப் போய்விட்டேன். அப்பாவின் பழைய தூரிகையும் ஒரு டம்ளர் பசையும் கொண்டுபோனேன். கடிதத்தை ஒட்டி, வழியில் போகிறவர்கள் வாசித்துவிடக்கூடாதே என்று அதன்மேல் ஒரு சர்க்கஸ் சுவரொட்டியையும் ஒட்டினேன். நீ உரிப்பாய், வாசிப்பாய் என்று நினைத்தேன். எத்தனை ஞாயிற்றுக்கிழமை அதைத்தானே செய்தோம்? நான் போன பிறகு அப்பா வந்து, எதுவும் தெரியாமல், அதன்மேல் "வேண்டாம்" ஒட்டிவிட்டுப் போயிருக்கிறார். காலையில் நீ வந்து மேலே இருந்ததை வாசித்தாய். உரிக்கக்கூடாது என்ற விதியில், எனக்குத் தெரியாமல், கையெழுத்திட்டுவிட்டு வந்தவன், அதற்குக் கீழே தேடவில்லை.

திரும்பி வரும்போது ரயிலில் அப்பா அவித்த முட்டையை உரித்துக்கொண்டே சொன்னார்: "அந்த வருஷம் சர்க்கஸ் கட்டுல ஒண்ணு கொறஞ்சுது. என் கணக்குதான் தப்புன்னு நெனச்சேன்." கொஞ்ச நேரம் கழித்து, "ஓட்டு அன்னிக்கு வீடு கூட்டும்போது உன் கட்டிலுக்கு அடியில பெட்டி ஒண்ணு தொடப்பத்துல இடிச்சுது. ஊருக்குப் போகக் கட்டின பெட்டி. நான் கேக்கலை" என்றார். முட்டையில் பெரிய பாதியை எனக்குக் கொடுத்தார்.

நான் உன்னிடம் ஒன்றுதான் கேட்கிறேன். மேலே இருப்பது "வேண்டாம்", அதற்குக் கீழே சர்க்கஸ், மூன்றாவது அடுக்கில் நான் இருக்கிறேன். ஒருநாள் காலையில் கூடம் திறக்குமுன் தனியாகப் போ. உரி. வாசி. இரண்டரை வருடம் தாமதமாக என்றாலும் நீ வாசித்தாய் என்று எனக்குத் தெரிந்தால் போதும். அதன் பிறகு நீ என்ன எழுதினாலும், எழுதாவிட்டாலும் சரி. இதை வேறு யாரிடமும் சொல்லாதே.

உன்
அர்மேல்


பாரிஸ்
20 ஏப்ரல் 1961

என் அர்மேல்,

உன் கடிதத்தைப் படிக்கட்டிலேயே நின்று வாசித்தேன், மூன்றாவது மாடியில், வெங்காய வாசனையில். மீதி மூன்று மாடியும் எப்படி ஏறினேன் என்று தெரியவில்லை.

மறுநாள் காலையிலேயே போனேன். காவலர் கூடத்தைத் திறந்துவிட்டார். "நாந்த்லேருந்து வந்த ஐயா உங்க சொந்தக்காரரா?" என்றார். யானையின் வயிற்றில் கையை வைத்தேன். ஆமாம், இருக்கிறது. ஒரு கடிதத் தாள் அளவு இருக்கிறது. அன்று வேலியிலிருந்து எல்லா அடுக்கோடும் பெயர்த்து எடுத்ததிலிருந்து எத்தனை முறை இதைத் தூக்கியிருக்கிறேன், சாய்த்து வைத்திருக்கிறேன், ஒரு குளிர்காலம் முழுக்க என் கட்டிலுக்கு எதிரே இருந்தது! "வேண்டாம்" என்பதைப் பார்த்துக்கொண்டே தூங்கினேன். அழுதேன் என்று சொன்னால் நம்புவாயா?

பையில் கத்தியும் இருந்தது. எடுத்தேன். பிறகு உள்ளே வைத்துவிட்டேன்.

எப்படிச் சொல்வது? அதில் என்ன எழுதியிருக்கும் என்று பெட்டியைப் பற்றி உன் அப்பா சொன்னதிலிருந்தே எனக்குத் தெரிந்துவிட்டது. திறந்துதான் தெரிய வேண்டும் என்பதில்லை. திறந்தால் அது ஒரு காகிதம். திறக்காமல் இருந்தால், நினைத்துப் பார், ஊரே கத்திய ஒரு "வேண்டாம்" என்பதற்குக் கீழே, யாரும் வாசிக்காத ஒரு குரல்! நாங்கள் மூன்று வருடமாகச் சொல்ல முயன்றதை நீ ஒரு டம்ளர் பசையில் செய்துவிட்டாய். கோத்தியேவிடம் மட்டும் சொன்னேன், கோபிக்காதே, அவன் நம்மில் ஒருவன். அவன் நாற்காலியிலிருந்து எழுந்து நின்றுவிட்டான். இதைத் தொட்டால் நான்கு பேரின் கையெழுத்தும் பொய்யாகிவிடும் என்கிறான். மற்ற இருவரும் அதையே சொல்கிறார்கள். அருங்காட்சியகத்தின் புது விவரக் குறிப்பில் ஒரு வரி சேர்க்கிறார்கள்: "உள்ளே வாசிக்கப்படாத ஒரு கடிதம்." உன் பெயர் இல்லை. சத்தியமாக இல்லை.

ஆனால் நீ வா. அதைத்தான் சொல்ல வந்தேன். என் கேள்வி அப்படியே இருக்கிறது, ஒரு நாள்கூட அது பழசாகவில்லை. நீ வந்தால் இருவருமாக ஞாயிற்றுக்கிழமைகளில் அதன் முன்னால் போய் நிற்கலாம். நமக்கு மட்டும் தெரியும் உள்ளே என்ன இருக்கிறது என்று. அதைவிட நெருக்கமான ஒன்று உண்டா?

எப்போது வருகிறாய்?

உன்
ரெமி


நாந்த்
4 ஜூன் 1961

அன்புள்ள ரெமி,

உன் கடிதத்துக்கு ஆறு வாரமாகப் பதில் எழுதவில்லை. முதலில் சந்தோஷமாக இருந்தது, அதை மறைக்க மாட்டேன். "நீ வா" என்ற வரியை அகராதியில் வைக்காமல் என் சட்டைப் பையிலேயே வைத்திருந்தேன். அந்தப் பழைய பெட்டியைக்கூட இறக்கித் தூசி தட்டினேன். உன் கடிதத்தின் மற்ற வரிகளைத் திரும்ப வாசித்தது பிறகுதான்.

மே மாதக் கடைசியில் எங்கள் ஊர் நாளிதழில் வந்துவிட்டது. "சுவரொட்டிக்குள் காதல் கடிதம். எழுதியவர் நம் ஊர்ப் பெண்." பெயர் இல்லை, நீ சத்தியம் செய்தபடி. ஆனால் சுவரொட்டி ஒட்டுபவரின் மகள் என்று இருந்தது. இந்த ஊரில் அவர்கள் எத்தனை பேர்? நூலகத்தில் புத்தகம் திருப்ப வந்த ஒருவர், "நீங்கதானா அது?" என்று கேட்டுவிட்டு, தாமதக் கட்டணத்தை மன்னிக்கச் சொன்னார். பக்கத்து மேசை ஜோசெத், "என்ன எழுதினேன்னு எனக்கு மட்டும் சொல்லேன்டி, உசுரே போனாலும் வெளியே விடமாட்டேன்" என்றாள். உன் கோத்தியேயும் அப்படித்தான் சொல்லியிருப்பான்.

உன்மேல் கோபமாக இருக்க முயன்றேன், வரவில்லை. நீ பொய் சொல்லவில்லை, ஏமாற்றவில்லை. என்னை வரச் சொன்னாய், அதுவும் உண்மையாகத்தான். ஆனால் நான் எழுதியதை நீ வாசிக்க விரும்பவில்லை. தெரிந்துவிட்டது என்கிறாய். தெரிவது வேறு, வாசிப்பது வேறு, ரெமி. நான் நாளெல்லாம் புத்தகம் இரவல் கொடுக்கிறவள், எனக்கு இது நன்றாகத் தெரியும். பெட்டி கட்டியவள் என்ன சொல்லியிருப்பாள் என்று யாரும் ஊகித்துவிடலாம். அதை எந்த வார்த்தைகளில் சொன்னாள் என்பது உனக்கு மட்டும் வைத்திருந்தது.

வியாழக்கிழமை ராச் சாப்பாட்டின்போது அப்பாவிடம், நாளைக்குப் பாரிஸ் போகிறேன் என்றேன். என் பையைப் பார்த்தார். அதில் சமையலறைக் கத்தி இருந்தது. எதுவும் கேட்காமல் எழுந்துபோய்த் தன் சுரண்டியைக் கொண்டுவந்து மேசைமேல் வைத்தார்.

"இதை எடுத்துக்கோ. அது வளையும். ஓரத்துல தொடங்காதே, புடைப்புக்கு ஒரு விரல் மேலே குத்து. அப்புறம் ஒரே இழு."

வெள்ளிக்கிழமை மூன்று மணிக்குக் கூடத்தில் ஒரு பள்ளிக்கூடப் பிள்ளைகள் கூட்டம் இருந்தது. அதே காவலர். "அப்பா வரலையாம்மா?" என்று அன்பாகக் கேட்டார். அந்த மனிதருக்காக மட்டும் எனக்கு வருத்தம். அப்பா சொன்னபடியே செய்தேன். தபால்தலை ஒட்டும் நேரம்கூட ஆகவில்லை. அது கிழிந்த சத்தம் நம் வேலியில் கேட்ட அதே சத்தம். அந்த மெழுகுத் தரைக் கூடத்தில் அது அவ்வளவு பெரிதாகக் கேட்டது.

"அய்யோ அம்மா, என்ன பண்றீங்க!"

ஒரு சிறுமி, "டீச்சர், அந்த அக்கா மட்டும் தொடலாமா?" என்றாள்.

காவலர் என்னைப் பெஞ்சில் உட்காரவைத்து நோட்டை எடுத்தார். "பேரு சொல்லுங்க."

"பேரு கிடையாது. வாசல்ல எழுதியிருக்குதே, வாசிச்சுப் பாருங்க."

எழுந்து போய் உங்கள் அறிக்கையை வாசித்தார். திரும்பி வந்தார், மறுபடியும் போய் வாசித்தார். "கிழிப்பது தெருவின் கை, அந்தக் கைக்குப் பெயர் கிடையாது" என்று முணுமுணுத்துக்கொண்டே தலையைச் சொறிந்தார். "நீங்க தெருவிலேருந்துதான் வந்தீங்களா?"

"ஆமா. இப்பத்தான்."

"எங்க அதிகாரி மூணேகாலுக்குத்தான் சாப்பிட்டு வருவார். அவர் வந்தா நான் சொல்லணும்" என்றார். கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு முதுகைக் காட்டிக்கொண்டு பிள்ளைகளிடம், "யாரும் தொடக்கூடாது, தெரியுதா?" என்று வெகுநேரம் பேசிக்கொண்டிருந்தார். நான் எழுந்து வந்துவிட்டேன்.

உன் படத்துக்குக் கேடு வரவில்லை. "வேண்டாம்" அப்படியே இருக்கிறது. நான் எடுத்த இடத்தில் ஒரு பழைய சோப்பு விளம்பரம் தெரிகிறது, ஒரு பெண்ணின் பாதிச் சிரிப்பு. நன்றாக இருக்கிறது. உனக்குப் பிடிக்கும். உங்கள் பெயரற்ற கையின் கடைசி வேலை என்று கோத்தியேவிடம் சொல்.

ரயிலில் உட்கார்ந்து மெல்லப் பிரித்துப் பார்த்தேன். கடிதம் தூள் தூளாகிவிட்டது. பசை காகிதத்தைத் தின்றுவிட்டது. ஆனால் அன்று ஈரம் காயுமுன் அதன்மேல் சர்க்கஸை ஒட்டினேன் அல்லவா? என் மை யானைக் காகிதத்தின் பின்பக்கத்தில் ஏறியிருக்கிறது. எல்லா வரியும், தலைகீழாக இல்லை, இடம் வலம் மாறி. என் கையெழுத்துதான், ஆனால் என்னாலேயே வாசிக்க முடியவில்லை. எனக்கு அது மனப்பாடம், அது வேறு.

அந்த யானைத் துண்டை இத்துடன் வைத்திருக்கிறேன். முன்பக்கம் பார்த்தால் அழகான கிழிசல், நீ சட்டம் போட்டு மாட்டலாம், நால்வரும் நின்று பார்க்கலாம். அப்படிச் செய்தாயா, வேறு மாதிரி செய்தாயா என்று எனக்கு எழுத வேண்டாம். நான் கேட்கமாட்டேன். ஞாயிற்றுக்கிழமை காலைகளில் மட்டும், அடை சுடும் நேரத்தில், ஒருவேளை நினைத்துக்கொள்வேன்.

பெரிய கண்ணாடி எதுவும் தேட வேண்டாம். உன் ஜன்னல் கொக்கியில் இருக்கிறதே, அந்த ஒரு கன்னக் கண்ணாடி போதும். ஒரு நேரத்தில் ஒரு வரி தெரியும்.

அர்மேல்